கடைசிச் சரிபார்ப்பு

"முடிஞ்சுதா?" என்று கேட்டேன்.

"தெரியல" என்றார் என் வீட்டுக்காரர்.

முடிந்தது என்று சொல்லியிருந்தால் பெருமூச்சு விட்டிருப்பேன். என்னால் முடியாது என்று திரும்பி வந்திருந்தால் வீட்டை இரண்டாக்கியிருப்பேன். இரண்டுக்கும் தயாராக வாசலில் நின்றவளிடம் ஒரு மனிதர் தெரியல என்று சொன்னால் நான் எந்தப் பக்கம் பாய்வது? கருவிப் பெட்டியை நடைவழியிலேயே வைத்துவிட்டு, கையைக்கூடக் கழுவாமல், சுவரைப் பார்த்து உட்கார்ந்துவிட்டார்.

"தராசைக் கோணலாக்கிட்டு வந்தீங்களா, நேரா விட்டுட்டு வந்தீங்களா? இதுல தெரியாம இருக்க என்ன இருக்கு?"

"அதைத்தான் நானும் வழியெல்லாம் கேட்டுக்கிட்டே வந்தேன்" என்றார்.

விஷயத்தைச் சொல்லிவிடுகிறேன். அவர் தராசு பழுது பார்ப்பவர். எங்கள் வீட்டு முன்னறைதான் பட்டறை. காய்கறிக் கடை, மருந்துக் கடை, பார்சல் அலுவலகம் என்று இந்தப் பக்கத்துத் தராசுகள் எல்லாம் ஒரு நாளாவது எங்கள் முன்னறையில் படுத்திருந்துவிட்டுத்தான் போயிருக்கின்றன. இப்போது எல்லாம் எலக்ட்ரானிக் தராசு. அதற்குச் சொந்தப் புத்தி கிடையாது. இருபது கிலோ எடைக்கல்லை அதன்மேல் வைத்து, இதுதான் இருபது என்று பொத்தானை அழுத்திச் சொல்லிக்கொடுக்க வேண்டும். சொன்னதை அது நம்பும். இருபத்தொரு கிலோவை வைத்து இதுதான் இருபது என்று சொன்னாலும் அப்படியே நம்பும். பிறகு அதில் ஏறுகிற ஒவ்வொரு மூட்டையிலும் கொஞ்சம் காணாமல் போகும். யாருக்கும் தெரியாது.

இவர் அப்படிச் சொல்லிக்கொடுக்கிற ஆள் இல்லை. சுவரில் ஆணி அடிப்பதற்கே மூன்று தடவை அளப்பார். எந்த வேலை முடிந்தாலும், பெட்டியை மூடுவதற்கு முன்னால், எடைக்கல்லை எடுத்து வைத்துத் தராசுக்கு மறுபடியும் ஒருமுறை சொல்லிக்கொடுத்துவிட்டுத்தான் எழுந்திருப்பார். கடைசிச் சரிபார்ப்பு என்று அதற்குப் பெயர் வைத்திருக்கிறார். யாரும் கேட்பதில்லை, யாரும் அதற்குத் தனியாகக் காசு தருவதுமில்லை. கேட்டால், "கை பழகிப்போச்சு" என்பார்.

அந்த மனிதரைத்தான் நான் பழைய இரும்புக்கடைக்கு அனுப்பினேன். ஆமாம், நான்தான் அனுப்பினேன்.

என் தம்பிக்குச் சின்னச் சரக்கு வண்டி ஒன்று உண்டு. அதில்தான் அவன் குடும்பம் ஓடுகிறது. அம்மாவும் அவனோடுதான் இருக்கிறாள். வண்டிக்கு எஞ்சின் வேலை வந்தபோது இரும்புக்கடைக்காரரிடம் கடன் வாங்கினான். பிறகு அந்தக் கடனுக்கு வட்டி கட்ட அவரிடமே இன்னொரு கடன் வாங்கினான். என் தம்பிக்குக் கூட்டல் தெரியும், கழித்தல்தான் வராது. ஒரு நாள் இரும்புக்கடைக்காரர் வந்து, சிரித்துக்கொண்டே சாவியை வாங்கிக்கொண்டு, வண்டியைத் தன் கிடங்கில் கொண்டுபோய் நிறுத்திவிட்டார். அவர் யாரையும் அதட்டியதே கிடையாது. அம்மாவுக்கு அவரே போன் பண்ணிச் சொல்லியிருக்கிறார்:

"சனிக்கிழமை பிரிச்சுடுவோம்மா. இரும்பு இரும்பாப் போகும், அலுமினியம் அலுமினியமாப் போகும். தம்பி ஆசைப்பட்டா ஸ்டீயரிங்கை மட்டும் வச்சுக்கட்டும்."

அம்மா எனக்குப் போன் பண்ணி அழுதாள். காலையில் அழுதாள், மத்தியானம் அழுதாள், சாயங்காலம் மூக்கடைத்துப் போனதால் தம்பி பெண்டாட்டியை விட்டு அழச் சொன்னாள். அதற்கு மறுநாள் இரும்புக்கடைக்காரர் இன்னொரு வழி சொன்னார். அவர் கிடங்குத் தராசில்தான் குப்பை பொறுக்குகிறவர்கள், பழைய பேப்பர் வாங்குகிறவர்கள் எல்லாரும் சரக்கை எடை போட்டு விற்கிறார்கள். அந்தத் தராசை என் வீட்டுக்காரர் கொஞ்சம் "கவனித்துவிட்டால்" வண்டி வீட்டுக்கு வந்துவிடும், வட்டியும் நின்றுவிடும்.

இவர் மாட்டேன் என்றார். நான் அழுதேன், எடுபடவில்லை. சண்டை போட்டேன், அதுவும் எடுபடவில்லை. அவருடைய ஆபரேஷன் சமயத்தில் ஆஸ்பத்திரி வராந்தாவில் தரையில் படுத்துக்கிடந்தது யார், என் தம்பிதானே, உங்கள் அண்ணன் தம்பிகள் எட்டிப் பார்த்தார்களா என்று கேட்டேன். அது உண்மை. அதற்குப் பிறகு நான் பேசுவதையே நிறுத்தினேன். சத்தம் போடுகிற பெண்டாட்டியைச் சமாளிக்க அவருக்குத் தெரியும், பேசாத பெண்டாட்டியைத் தெரியாது. ஒழுங்காகச் சாப்பிடாமல் சில நாள் நடமாடிவிட்டு, வெள்ளிக்கிழமை பெட்டியை எடுத்துக்கொண்டு கிளம்பினார்.

போனவர் வந்து சொல்கிற பதில்தான் இந்தத் தெரியல.

"முதல்லேருந்து சொல்லுங்க" என்றேன்.

"இருபது கிலோ கல்லோட ஒரு கிலோ கல்லையும் சேத்து வச்சேன். இருபதுன்னு அழுத்துனேன். அது நல்லா ஞாபகம் இருக்கு."

"அப்புறம் என்ன? முடிஞ்சுதே!"

"அவர் டீ கொண்டுவரச் சொன்னார். குடிச்சேன். பேசிக்கிட்டே இருந்தார். அவர் பொண்ணு படிப்பைப் பத்தி, முழங்கால் வலியைப் பத்தி. நான் பேசிக்கிட்டே சாமானை எடுத்து வச்சேன். வழியில பாதி தூரம் வந்ததும்தான் தோணுச்சு. மூடுறதுக்கு முன்னாடி கடைசிச் சரிபார்ப்பு பண்ணேனா?"

"பண்ணியிருந்தா?"

"பண்ணியிருந்தா இருபது கிலோ கல்லை மட்டும் வச்சு மறுபடி சொல்லிக்கொடுத்திருப்பேன். தராசு நேராயிருக்கும்."

எனக்குத் தலை சுற்றியது. உலகத்தில் எவனாவது தப்புப் பண்ணப் போய், பழக்கதோஷத்தில் சரியாகப் பண்ணிவிட்டு வருவானா? அப்படிப் பண்ணினாலும் அதை மறப்பானா? இந்த ஆள்தான் செய்வார்.

"நீங்க எப்பவும் கடைசியில நீங்களே தராசு மேல ஏறி நிப்பீங்களே. நின்னீங்களா?"

"நின்னேன். அறுபத்திரண்டு காட்டுச்சு."

"உங்க எடை அறுபத்தஞ்சுதானே?"

"ஆமா."

"அப்ப மூணு கிலோ குறைச்சுக் காட்டுது. கோணல்தான். வேலை முடிஞ்சுது!" என்றேன், ஏதோ பரீட்சையில் தேறியவள் போல.

அவர் எழுந்து நின்று இடுப்பு பெல்ட்டைக் காட்டினார். வழக்கமான ஓட்டையிலிருந்து இரண்டு ஓட்டை உள்ளே போயிருந்தது. "நான் இளைச்சிருக்கேனே" என்றார். "குறைஞ்சது தராசா, நானான்னு எப்படித் தெரியும்?"

உடனே பட்டறைத் தராசில் ஏறச் சொன்னேன். அறுபத்து மூன்றரை காட்டியது. இளைத்தது உண்மை என்றால் அறுபத்திரண்டு காட்ட வேண்டும். தராசு பொய் என்றால் அறுபத்தைந்து காட்ட வேண்டும். இது இரண்டிலும் சேராமல் நடுவில் நின்றது. அங்கே ஏறியபோது சட்டைப்பையில் ஸ்பேனர் இருந்ததா, செருப்பு இருந்ததா என்று அவர் யோசிக்க ஆரம்பித்தார். நான் அடுப்படிக்குப் போய்விட்டேன். இன்னும் கொஞ்ச நேரம் அங்கே நின்றிருந்தால் எனக்கே என் பெயர் மறந்துபோயிருக்கும்.

மறுநாள் காலையில் தெருமுனையில் ஹாரன் சத்தம் கேட்டது. தம்பி வண்டியோடு வந்து நின்றான். முகம் கழுவி, தலை வாரி, ஒரு பை நிறைய ஆரஞ்சுப் பழம் வாங்கிக்கொண்டு வந்திருந்தான்.

"அக்கா, வண்டி வந்துடுச்சு! மாமா எங்க? மாமா காலைத் தொட்டுக் கும்பிடணும்."

மாமா பட்டறையில் ஒரு உடைந்த தராசின் அடியில் தலையை விட்டுக்கொண்டிருந்தார். வெளியே எடுக்கவில்லை. "சரிடா, சரிடா" என்ற சத்தம் மட்டும் வந்தது. தம்பி அந்தத் தராசைப் பார்த்தே கும்பிட்டுவிட்டு, முதல் சவாரி பிடிக்கப் போனான். அன்று அம்மா போனில் சிரித்தாள். எத்தனை நாளைக்குப் பிறகு அந்தச் சிரிப்பு! நானும் சிரித்தேன். போனை வைத்த பிறகுதான் யோசனை வந்தது.

தராசு நேராக இருந்தால் என்ன ஆகும்? இரும்புக்கடைக்காரர் வாங்கிய சரக்கை ஆலைக்கு அனுப்பும்போது அங்கே ஒரு எடை போடுவார்கள். எதிர்பார்த்த கூடுதல் வராது. அவர் சிரித்துக்கொண்டே வந்து மறுபடியும் சாவியைக் கேட்பார். கோணலாக இருந்தால் என்ன ஆகும்? ஒன்றும் ஆகாது. தம்பி வண்டி ஓட்டுவான், அம்மா சிரிப்பாள், இவர் மட்டும் சுவரைப் பார்த்து உட்கார்ந்திருப்பார். நான் சாமி படத்துக்கு முன்னால் நின்றேன். என்ன வேண்டிக்கொள்வது என்றே தெரியவில்லை. நேராக இருக்க வேண்டும் என்று ஆரம்பித்தேன். பாதியில் தம்பி முகம் வந்தது. கோணலாக இருக்க வேண்டும் என்று கடவுளிடம் கேட்க வாய் வரவில்லை. எதுவும் கேட்காமல் விளக்கை மட்டும் ஏற்றிவிட்டு வந்தேன்.

"போய்ப் பாத்துட்டு வந்துடுங்களேன்" என்றேன் இவரிடம்.

"நான் போகமாட்டேன். நேரா இருந்தா கோணலாக்கணும். கோணலா இருந்தா நேராக்கணும்னு தோணும். ரெண்டும் என்னால ஆகாது."

சரி, நானே போகிறேன் என்று முடிவு செய்தேன். அவர் பழுது பார்த்த தராசு ஒன்றைக் கொடுத்துவிட்டு வர வெளியே போனபோது, பட்டறை மூலையில் கிடந்த பழைய தட்டுத் தராசை இழுத்தேன். ஒரு தட்டில் இருபது கிலோ எடைக்கல்லை வைத்தேன். இன்னொரு தட்டில் உடைந்த சட்டம், துருப்பிடித்த ஸ்பிரிங், செத்துப்போன பேட்டரி என்று கையில் கிடைத்ததையெல்லாம் போட்டேன். கடைசியில் ஒரு நட்டும் இரண்டு வாஷரும் போட்டதும் முள் நடுவில் நின்றது. இதற்குப் பெரிய படிப்பு வேண்டியதில்லை. இரண்டு பைகளில் பிரித்துக் கட்டி, வாடகை வண்டியில் ஏற்றிக்கொண்டு போனேன். வண்டி வாடகை அந்த இரும்பின் விலையைவிட அதிகம். என் பிழைப்பு இப்படித்தான் ஓடுகிறது.

கிடங்கு வாசலிலேயே வரிசை நின்றது. தகரக் கூரைக்குக் கீழே தரையோடு தரையாக அந்தத் தராசு. பக்கத்தில் உயரமான ஸ்டூலில் ஒருவன் உட்கார்ந்து எண்ணைக் கத்திக்கொண்டிருந்தான். இரும்புக்கடைக்காரரைக் காணவில்லை, உள்ளே அறையில் அவர் சிரிக்கிற சத்தம் மட்டும் கேட்டது. முந்தானையை இழுத்து முகத்தை மறைத்துக்கொண்டு நின்றேன்.

எனக்கு முன்னால் ஒரு அம்மா. அட்டைப் பெட்டிகளைத் தட்டையாக்கி, அழகாக அடுக்கி, கயிற்றால் குறுக்கும் நெடுக்குமாகக் கட்டி வைத்திருந்தாள். தராசில் ஏற்றினாள்.

"பத்தொன்பது!" என்று கத்தினான் ஸ்டூல்காரன்.

அந்த அம்மா கட்டைப் பார்த்தாள், தராசைப் பார்த்தாள், பிறகு தன் கையைப் பார்த்தாள். காசு வாங்குகிற ஜன்னல் பக்கம் ஒதுங்கி நின்றாள்.

என் முறை வந்தது. இரண்டு பையையும் தூக்கி வைத்தேன். சிவப்பு எண்கள் கொஞ்ச நேரம் ஓடி நின்றன. பத்தொன்பது புள்ளி சுழியம் ஐந்து.

அப்பாடா என்று இருந்தது. இதை மறைக்கப் போவதில்லை. முதலில் வந்தது அப்பாடாதான். வண்டி தம்பியுடையதுதான், இனி யாரும் பிரிக்க முடியாது, அம்மா அழமாட்டாள். கால் லேசாகிவிட்டது. இரும்புக்கான சில்லறையை வாங்க ஜன்னலுக்குப் போனேன்.

"ஏம்மா, உனக்குச் சரியா வந்துச்சா?" என்று அந்த அட்டைக்கட்டு அம்மா கேட்டாள்.

"ஏன் கேக்கறீங்க?"

"நான் கட்டுற கட்டு எப்பவும் இருபதுக்கு வந்துடும். கொஞ்சம் முன்னபின்ன இருக்கும், அவ்வளவுதான். ரெண்டு நாளா பத்தொன்பதுதான் வருது. வயசாகுதில்ல, கை அளவு தப்புது போல. என் கையை நானே நம்ப முடியல."

அவள் யார் மேலும் சந்தேகப்படவில்லை. தராசு மேல் இல்லை, ஸ்டூல்காரன் மேல் இல்லை. தன் கையைத் திருப்பித் திருப்பிப் பார்த்துக்கொண்டிருந்தாள். நான் வாயைத் திறந்தேன். சத்தியமாக வேறு ஏதோ சொல்லத்தான் திறந்தேன்.

"எனக்குச் சரியாத்தான் வந்துச்சும்மா. உங்க அட்டை வெயில்ல காஞ்சிருக்கும். ஈரம் போனா எடை குறையுமில்ல?"

"அட, ஆமா! வெயில் கொளுத்துதே" என்றாள். முகம் தெளிந்துவிட்டது. "நல்லவேளை சொன்னே, நான் என்னமோ ஏதோன்னு பயந்துட்டேன்" என்று என் தோளைத் தட்டிக்கொடுத்துவிட்டுப் போனாள்.

வீட்டுக்கு எப்படி வந்து சேர்ந்தேன் என்று தெரியாது. இவர் பட்டறையில் நின்றுகொண்டிருந்தார். தட்டுத் தராசு இடம் மாறியிருந்ததைப் பார்த்திருக்கிறார். அதற்குமேல் அவருக்குச் சொல்ல வேண்டியதில்லை.

"எவ்வளவு காட்டுச்சு?"

அந்த முகத்தைப் பார்த்தேன். கன்னம் ஒட்டிப்போய், கண்ணுக்குக் கீழே கறுத்துப்போய், ஒரு எண்ணுக்காகக் காத்துக்கொண்டிருந்தது. ஒரு நாளில் ஒருத்தியிடம் பொய் சொன்னவளுக்கு இன்னொருத்தரிடம் சொல்வது ஒன்றும் கஷ்டமாக இல்லை.

"இருபது" என்றேன்.

அவர் ஸ்டூலில் உட்கார்ந்துவிட்டார். தோள் இரண்டும் குலுங்கின. அழுகிறாரோ என்று பயந்தேன். சிரித்துக்கொண்டிருந்தார். "கை பழகினது வீண்போகல பாரு" என்றார். "பசிக்குது. சாப்பாடு இருக்கா?"

தட்டு நிறையச் சோறு போட்டேன். பக்கத்தில் உட்கார்ந்து அவர் சாப்பிடுவதைப் பார்த்தேன். இதற்காக எந்தப் பொய்யும் சொல்லலாம் என்று அந்த நிமிஷம் தோன்றியது. நாலு வாய் சாப்பிட்டிருப்பார்.

"நாளைக்குக் காலையிலேயே கிடங்குக்குப் போயிட்டு வந்துடறேன்" என்றார்.

"எதுக்கு?"

"வண்டியை வாங்கிட்டோமே. வாக்கு கொடுத்து வாங்கிட்டு, வேலையைச் செய்யாம விட்டா அது ஏமாத்து இல்லையா? இந்தத் தடவை கவனமாப் பண்ணிடறேன். கடைசிச் சரிபார்ப்பு இல்லாம."

நான் அவரையே பார்த்தேன். விளையாட்டுக்குச் சொல்லவில்லை. திருட்டு வேலைக்குக் கூலி வாங்கிவிட்டு, அந்த வேலையைச் செய்யாமல் இருப்பது நேர்மை இல்லை என்று இந்த மனிதர் நிஜமாகவே நம்பினார். இவரைத் திட்டுவதா, கும்பிடுவதா? நாளைக்குப் போய்த் தராசைப் பார்த்தால் எல்லாம் தெரிந்துவிடும். நான் பொய் சொன்னதும் தெரிந்துவிடும்.

"போக வேணாம்" என்றேன். "இருபது இல்ல. பத்தொன்பது."

"பத்தொன்பதுன்னா? சரியாச் சொல்லு. புள்ளிக்கு அப்புறம்?"

"சுழியம் அஞ்சு."

"பத்தொன்பது புள்ளி சுழியம் அஞ்சு!" என்றார். கண் பளிச்சென்று மின்னியது. "கணக்கு அப்படியே வந்திருக்கு. இருபத்தொண்ணை இருபதுன்னு சொன்னா அதான் காட்டணும், ஒரு கிராம்கூட…"

அங்கே நின்றது பேச்சு. தான் எதைப் பார்த்துப் பெருமைப்பட்டோம் என்பது அவருக்கே அப்போதுதான் காதில் விழுந்திருக்க வேண்டும். பிசைந்த கை தட்டிலேயே இருந்தது. அந்தக் கையை அவர் பார்த்த விதமும், அட்டைக்கட்டு அம்மா பார்த்த விதமும் ஒன்றுதான். அவளைப் பற்றியும் சொன்னேன். வெயிலில் காய்ந்திருக்கும் என்று நான் சொன்னதையும், அவள் தோளைத் தட்டிக்கொடுத்ததையும் சொன்னேன். இதற்கு மேல் மறைத்து என்ன ஆகப்போகிறது?

அவர் கத்தவில்லை. கத்தியிருந்தால் நானும் கத்தி, இரண்டு பேரும் எங்கேயாவது போய்ச் சேர்ந்திருப்போம்.

"நேராக்க ரொம்ப நேரம் ஆகாது" என்றார் மெதுவாக. "பக்கத்துல ஒரு வேலைக்கு வந்தேன், அப்படியே பாத்துட்டுப் போறேன்னு சொல்லிக்கலாம். ஆனா அப்புறம் உன் தம்பி வண்டி இருக்காது. அம்மா திரும்பவும் அழுவாங்க. நீ சொல்லு. போன்னா போறேன். வேணாம்னா விட்டுடறேன். உன் தம்பி, நீதான் சொல்லணும்."

கல்யாணம் ஆன நாளிலிருந்து, இந்த வீட்டில் என்னை யாரும் ஒரு வார்த்தை கேட்பதில்லை என்று புலம்புகிறவள் நான். இப்போது கேட்டுவிட்டார். போங்க என்று சொல்ல வேண்டும் என்று எனக்குத் தெரியும். அந்த வார்த்தை தொண்டை வரை வந்துவிட்டது. அதே நேரத்தில் வெளியே தெருவில் ஏதோ ஒரு சரக்கு வண்டி போனது. தம்பி வண்டிகூட இல்லை, யாருடையதோ. அந்தச் சத்தத்துக்கே வார்த்தை உள்ளே போய்விட்டது.

"முதல்ல சாப்பிடுங்க" என்றேன். "அப்புறம் பேசிக்கலாம்."

அவர் சாப்பிட்டு முடித்தார். நான் தட்டை எடுத்துக் கழுவி வைத்தேன். இன்னும் பேசவில்லை.